கழுத்தில் ஒரு கோடு, பதிவேட்டில் ஓர் எழுத்து

பெரியாஸ்பத்திரியில் நான் பதினெட்டு வருஷமாகப் பதிவேட்டுக் கிராணி, அதாவது குமாஸ்தா. அதே ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் நோயாளியாகவும் படுத்துக் கிடந்தேன். அந்த ஒன்பது நாளைப் பற்றி எங்கள் தீவின் ஜார்ஜ்டவுனில் பல மாதிரி பேசிக்கொண்டார்கள். இன்னும் பேசுகிறார்கள். நான் கிட்டே போனதும் அவர்கள் மீன் விலைக்குத் தாவுகிற வேகத்திலேயே அது தெரிந்துவிடுகிறது. அதனால் நடந்ததை நடந்தபடி எழுதி வைக்கிறேன். குரல் இன்னும் முழுதாகத் திரும்பவில்லை; கைக்கு ஒன்றும் ஆகவில்லை.

முதலில் என் வேலையைச் சொல்லிவிட வேண்டும். ஒவ்வொரு கட்டிலின் காலிலும் ஓர் அட்டை தொங்கும். டாக்டர் அதில் வியாதியின் பெயரை எழுதி, கீழே தான் கண்டதை இரண்டு மூன்று வரி எழுதுவார். நாங்கள் அந்தப் பெயரைப் படித்து, மேலிடத்திலிருந்து வந்த அச்சுப் பட்டியலைப் பார்த்து, அதற்குரிய எண்ணைப் பதிவேட்டில் ஏற்றுவோம். மலேரியாவுக்கு ஓர் எண், வயிற்றுக் கடுப்புக்கு ஓர் எண். வருஷக் கடைசியில் எண்களைக் கூட்டி அனுப்பினால் எங்கள் கடமை முடிந்தது.

காயங்களுக்கு மட்டும் எண் போதாது. கழுத்தில் கன்றிய காயம் என்றால் அதற்கான எண்ணைப் போட்டு, பக்கத்தில் ஓர் எழுத்தும் போட வேண்டும். விபத்து என்றால் ஏ. பிறர் கையால் என்றால் பி. தன் கையால் தானே செய்துகொண்டது என்றால் சி. இந்த சி இருக்கிறதே, அது பொல்லாத எழுத்து. இந்த நாட்டில் தன் உயிரைத் தானே எடுக்கப் பார்ப்பது குற்றம். சி போட்ட அன்றே போலீஸுக்குச் சீட்டுப் போகும். உடம்பு தேறியதும் மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்துவார்கள். சர்க்கார் உத்தியோகஸ்தனாக இருந்தால் வேலையும் போகும், பென்ஷனும் போகும். பதிவேட்டின் கடைசிக் கட்டத்துக்கு 'தகவல் தந்தவர்' என்று தலைப்பு. இந்தக் கதையை யார் சொன்னார் என்று அதில் எழுத வேண்டும்.

நான் யாரையும் நம்பாதவன். அதை ஒரு திறமையாகவே நினைத்திருந்தேன். கழுத்து கன்றி வருகிறவர்களின் கதைகளை நீங்கள் கேட்டதில்லை. ஒருவனுக்குக் கொடிக்கம்பி பட்டிருக்கும், இன்னொருவனுக்கு மாடு முட்டியிருக்கும், எல்லோருக்கும் ஏதாவது ஒன்று பட்டிருக்கும். கேட்டுக் கேட்டுச் சலித்துப்போய் நானே ஒரு விதி எழுதிப் பதிவேட்டின் உள்ளட்டையில் ஒட்டினேன். 'கழுத்தைச் சுற்றிக் காயம்; கண்ணால் பார்த்த சாட்சி இல்லை; கதைகள் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகவில்லை என்றால் சி போடு. நோயாளி சொல்வதைக் கடைசியில் கேள்.' அச்சுப் பட்டியலில் இப்படி ஒன்றும் கிடையாது. முழுக்க என் மூளை. மேலதிகாரி பார்த்துவிட்டு நல்ல யோசனை என்று சொன்னார். இரண்டு நாள் தரையில் கால் பாவாமல் நடந்தேன்.

இனி என் கழுத்துக்கு வருகிறேன்.

அந்த வாரம் தலைமைக் கிராணி வேலை எனக்கு வர வேண்டியது, என்னைவிட ஆறு வருஷம் சின்னவனுக்குப் போய்விட்டது. வீட்டுக்கு வந்து கோட்டைக் கழற்றி எறிந்தேன். "இதுக்கு நாண்டுக்கிட்டுச் சாகலாம்!" என்று கத்தினேன். நம் ஆட்களில் இதைச் சொல்லாத வாய் எது? அன்று காலை அடுப்புக்கரி நனைந்து புகைந்ததற்கு என் மனைவி பாக்கியமே இதைத்தான் சொன்னாள். ஆனால் அவள் அடுப்படியில் சொன்னாள். நான் ஜன்னலுக்குப் பக்கத்தில் நின்று சொன்னேன். வெளியே வீட்டு வரிசையை ஒட்டிய அஞ்சடி நடைபாதையில் நாலைந்து பேர் உட்கார்ந்து காற்று வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. மனசு ஆறட்டும் என்று சாயங்காலம் தண்ணீர்மலைக் கோயிலுக்குப் போனேன். கோயிலுக்குப் போகும்போது நான் கோட்டுப் போடுவதில்லை; வேட்டி, மேலுக்கு ஒரு நீளமான துண்டு. கும்பிட்டு இறங்கும்போது காற்றும் தூறலும் பிடித்துக்கொண்டன. எனக்குச் சளி உடம்பு. துண்டைக் கழுத்தில் இரண்டு சுற்றுச் சுற்றி, மிச்சத்தை இடது தோளுக்குப் பின்னால் தொங்கவிட்டுக்கொண்டு ரிக்ஷாவில் ஏறினேன். இறக்கம் வந்ததும் இழுக்கிற சீனன் ஓட்டம் பிடித்தான். ரிக்ஷாச் சக்கரம் பெரியது, ஆசனத்தை ஒட்டியே சுழலும். துண்டின் நுனி அதில் மாட்டியதை நான் பார்க்கவில்லை. யாரோ பின்னாலிருந்து பிடித்து இழுத்தது போல் இருந்தது. அதற்கு மேல் எனக்கு நினைவில்லை.

சீனன் பயந்திருப்பான். கழுத்துக்கும் சக்கரத்துக்கும் நடுவே துண்டை அறுத்து, என்னைச் சாலையோர மரத்தடியில் கிடத்திவிட்டு ஓடியிருக்கிறான். அவன் லைசென்ஸ் அவனுக்குப் பெரிது. நான் செத்துப்போனேன் என்றே நினைத்திருப்பான். என்னைக் கண்டெடுத்தவர் பக்கத்துப் பங்களாத் தோட்டக்காரர். அவர் கண்டது இதுதான்: மரத்தடியில் ஓர் ஆள், கழுத்தில் துண்டு, பக்கத்தில் காற்றில் முறிந்து விழுந்த ஒரு கிளை. அவர் என்ன நினைப்பார்? அவர் இடத்தில் நானாக இருந்தால் இன்னும் சீக்கிரமாக நினைத்திருப்பேன்.

கண் விழித்தபோது வார்டில் இருந்தேன். பேச வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. பெரிய டாக்டர், வெள்ளைக்காரர், குனிந்து பார்த்துப் பேசவே கூடாது என்று உதட்டில் விரல் வைத்துக் காட்டினார். நெற்றியில் ஒரு வட்டக் கண்ணாடியைக் கட்டிக்கொண்டு, என் நாக்கைத் துணியால் பிடித்து இழுத்து, நீளக் காம்பு வைத்த சின்னக் கண்ணாடியைத் தொண்டைக்குள் விட்டுப் பார்த்தார். குரல்வளை என்பது கழுத்தின் முன்னால் கைக்குத் தட்டுப்படும் குருத்தெலும்புப் பெட்டி. மூச்சும் பேச்சும் அதன் வழியாகத்தான். வெளியே கன்றிய இடம் நீலமாகத் தெரியும். உள்ளே வீங்குவது கண்ணுக்குத் தெரியாது. அந்த வீக்கம்தான் ஆபத்து. முழுக்க வீங்கினால் மூச்சு வழி அடைத்துக்கொள்ளும்.

அப்படி அடைத்தால் என்ன செய்வார்கள் என்பது என் தலைமாட்டிலேயே இருந்தது. ஒரு தட்டு, மேலே வெள்ளைத் துணி. துணிக்கடியில் ஒரு கத்தியும் வளைந்த வெள்ளிக் குழாயும். கழுத்தில் கீழே துளை போட்டு அந்தக் குழாயைச் செருகினால் அதன் வழியாக மூச்சு விடலாம். அந்த வைத்தியத்துக்கும் ஓர் எண் உண்டு, நானே எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். எழுதும்போது அது வெறும் எண். இப்போது அது எனக்காகக் காத்திருக்கிற குழாய். முதல் இரண்டு நாளும் தட்டின் மேலிருந்து கண்ணை எடுக்கவே இல்லை. நர்ஸ் பனிக்கட்டித் துண்டுகளை வாயில் போடுவாள். தலையைத் துணியால் மூடி வெந்நீர் ஆவி பிடிக்க வைப்பாள். ஒவ்வொரு மூச்சும் புல்லாங்குழல் பழகுகிறவன் ஊதுவது போல் சத்தம் போட்டுக்கொண்டு போய் வந்தது.

மூன்றாம் நாள் வீக்கம் கொஞ்சம் வற்றியது. தட்டை விட்டு மற்றதையெல்லாம் பார்க்க ஆரம்பித்தேன். பார்க்கப் பார்க்க வேறு பயம் பிடித்துக்கொண்டது.

என் கட்டிலை ஜன்னலோரத்திலிருந்து நர்ஸின் மேசைக்கு எதிரே நகர்த்தியிருந்தார்கள். மற்றவர்களுக்கெல்லாம் கொசுவலை கயிற்றில் தொங்கியது. எனக்கு வலையே இல்லை. முகம் மழிக்கக் கத்தி கேட்டுச் சைகை காட்டினேன். நர்ஸ் சிரித்துக்கொண்டே போய்விட்டாள், திரும்பி வரவில்லை. கதவோரம் ஒரு பஞ்சாபிப் போலீஸ்காரர் முக்காலியில் உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பதினெட்டு வருஷம் அங்கே இருந்தவனுக்கு இதற்கெல்லாம் அர்த்தம் தெரியாதா?

அன்று மத்தியானம் ஞானமுத்து வந்தான். என் கீழே வேலை பார்க்கும் இளங்கிராணி. எழுத்து வேலை முழுக்க என்னிடம் பழகியவன். கட்டிலுக்கு இரண்டு முழம் தள்ளியே நின்றான். பேச முடியாததால் எனக்கு ஒரு சிலேட்டும் பலப்பமும் கொடுத்திருந்தார்கள். 'என்ன எழுத்து?' என்று எழுதிக் காட்டினேன்.

அவன் ஜன்னலைப் பார்த்தான். "உடம்பு தேறட்டும் அண்ணே. அப்புறம் பேசுவோம்."

'என்ன எழுத்து?' அதன் கீழேயே ஒரு கோடு போட்டேன்.

"சி" என்றான்.

சிலேட்டில் ரிக்ஷா, சக்கரம், துண்டு எல்லாவற்றையும் எழுதினேன். துடைத்துத் துடைத்து மூன்று தடவை எழுதினேன். அவன் பொறுமையாகப் படித்தான்.

"நீங்க ரிக்ஷாங்கறீங்க. தோட்டக்காரரு மரத்தடியில கெடந்தீங்கங்கறாரு. கெளை ஒடிஞ்சு கெடந்துச்சாம். பாக்கியம் அக்கா வந்து, வீட்டுல குளிக்கப் போனப்ப வழுக்கித் தொட்டி விளிம்புல கழுத்து அடிபட்டுச்சுங்கறாங்க. ரிக்ஷாக்காரன் ஆளையே காணோம். மூணு பேரு மூணு கதை. சாட்சி கெடையாது. நான் என்னலா செய்ய? உங்க விதிதான அண்ணே?"

'நான் சொல்வது உண்மை' என்று எழுதினேன்.

"எல்லாரும் அதத்தான் சொல்லுவாங்கன்னு நீங்கதான சொல்லிக் குடுத்தீங்க" என்றான். அவன் குரலில் கேலி இல்லை. அழுதுவிடுவான் போல் இருந்தது. சொந்தக்காரர் யார் வந்தாரோ அவரைப் போடும் எங்கள் வழக்கப்படி, பதிவேட்டில் 'தகவல் தந்தவர்' கட்டத்தில் 'மனைவி' என்று எழுதியிருப்பதாகவும் சொன்னான்.

சாயங்காலம் பாக்கியம் கஞ்சித் தண்ணீர் கொண்டுவந்தாள். சிலேட்டை அவள் முகத்துக்கு நேரே நீட்டினேன். 'குளியலறையா?'

அவள் போலீஸ்காரர் பக்கம் பார்த்துவிட்டுக் குனிந்து என் காதில் பேசினாள். "நீங்க சும்மா இருங்க. வெளியில செஞ்சதுன்னா கோர்ட்டு. வீட்டுக்குள்ள விழுந்தீங்கன்னா யாரு கேப்பா? நான் பாத்தேன்னு சொல்லிட்டேன். பொம்பள சொன்னா நம்புவாங்க."

'துண்டு எங்கே?' துண்டின் அறுந்த நுனியில் சக்கர அச்சின் மசகு கட்டாயம் அப்பியிருக்கும். அது ஒன்று போதும் எனக்கு.

"அதக் கண்ணுல பாக்கப் பிடிக்கல. அடுப்புல போட்டு எரிச்சுட்டேன்."

சிலேட்டைக் கீழே போட்டேன். அது உடையவில்லை, அதுவும் எரிச்சலாக இருந்தது. என்னைக் காப்பாற்றுகிறேன் என்று கதையும் கட்டி, என்னைக் காப்பாற்றக்கூடிய ஒரே பொருளையும் எரித்துவிட்டு, ஆறிய கஞ்சித் தண்ணீரை ஊதி ஊதிக் கரண்டியில் கொடுக்கிறாள். விழுங்க மாட்டேன் என்று முகத்தைத் திருப்பினேன். அவள் விடவில்லை. கன்னத்தைப் பிடித்துத் திருப்பிக் கொடுத்தாள். வீட்டிலிருந்து எனக்குக் கொண்டுவந்த கால்சட்டையில் நாடா இல்லை, உருவியிருந்தாள். கக்கூஸுக்குப் போகும்போதெல்லாம் இடது கையால் அதைப் பிடித்துக்கொண்டே நடக்க வேண்டியிருந்தது. போலீஸ்காரர் பின்னாலேயே வருவார்.

ஒரு சமயம் அவள் கரண்டியைக் கிண்ணத்தில் வைத்துவிட்டுக் கேட்டாள்: "வேலை போனாப் போகட்டுமே. பலகாரம் சுட்டு வித்தாவது நான் சோறு போட மாட்டேனா? என்னை விட்டுட்டுப் போக உங்களுக்கு எப்படிங்க மனசு வந்துச்சு?"

அவளும் நம்பியிருந்தாள். இருபத்திரண்டு வருஷம் கூடக் குடும்பம் நடத்தியவளும் நான் தூக்குப் போட்டுக்கொண்டேன் என்றுதான் நம்பியிருந்தாள். வாய்விட்டுக் கத்த வேண்டும் போல் இருந்தது. கத்தக் குரல் இல்லை. அழுதேன். அதையும் அவள் ஒப்புக்கொண்டதாக எடுத்துக்கொண்டு என் கையைத் தடவிக்கொடுத்தாள்.

அதற்கப்புறம் நான் எல்லோரையும் சந்தேகப்பட்டேன். புதுத் தலைமைக் கிராணி ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு வந்தான். என் மேசை எப்போது காலியாகும் என்று கணக்குப் போட வந்திருக்கிறான் என்று நினைத்தேன். ஞானமுத்துவை அவன்தான் தூண்டிவிட்டிருப்பான் என்று நினைத்தேன். பக்கத்துக் கட்டில் செட்டியார் என்னைப் பார்த்து "முருகா" என்றால்கூட எனக்காகச் சொல்கிறாரா, என்னைப் பார்த்துச் சொல்கிறாரா என்று யோசித்தேன். வீட்டில் எனக்கு ஒரு மகள் கல்யாணத்துக்கு நிற்கிறாள். கோர்ட்டுக்குப் போய்வந்தவன் வீட்டில் யார் பெண் எடுப்பார்கள்? வேலை, பென்ஷன், மகள் எல்லாமே அந்த ஒற்றை எழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தன. இன்னும் இரண்டு மூன்று நாளில் வீட்டுக்கு அனுப்புவார்கள். போலீஸ்காரர் வீடு வரைக்கும் விடமாட்டார் என்பது எனக்கு நன்றாகத் தெரியும்.

ஆறாம் நாள் காலை. பொழுது போகாமல் கட்டில் காலில் தொங்கிய என் அட்டையை எடுத்துத் தரும்படி பாக்கியத்திடம் கைகாட்டினேன். வியாதியின் பெயர் எனக்குத் தெரிந்ததுதான். கிராணிகளான நாங்கள் அந்த முதல் வரியைத்தான் படிப்போம். கீழே டாக்டர் கிறுக்கும் வரிகளுக்குப் பதிவேட்டில் இடமில்லை. பதினெட்டு வருஷத்தில் முதல் தடவையாக அவற்றையும் படித்தேன். வேறு வேலை இல்லை.

'கோடு கழுத்தைச் சுற்றிச் சமமாக ஓடுகிறது. காதை நோக்கி மேலே ஏறவில்லை. பின்புறம் இடது பக்கம் சற்றே கீழே இறங்குகிறது.'

திரும்பப் படித்தேன். தூக்கில் தொங்கியவர்களின் அட்டைகள் என் கைவழியே எத்தனையோ போயிருக்கின்றன. பிணக்கிடங்கில் கணக்கெடுக்கப் போனபோது கண்ணாலும் பார்த்திருக்கிறேன். தொங்குகிற உடம்பின் பாரம் கீழே இழுக்கும். கயிறு முடிச்சை நோக்கி மேலே ஏறும். அதனால் கோடு தாடைக்கடியிலிருந்து காதுக்குப் பின்னால் சரிந்து ஏறும். சமமாக ஓடும் கோடு தொங்கி வருவதில்லை. பின்னாலிருந்து இழுத்தால்தான் வரும்.

டாக்டர் சுற்றுக்கு வந்ததும் அட்டையை நீட்டி, அந்த வரியின் மேல் விரலை வைத்தேன். சிலேட்டில் இங்கிலீஷில் எழுதினேன்: 'தூக்கில் தொங்கினால் இப்படி வருமா?'

அவர் என்னை ஏதோ போல் பார்த்தார். தூக்கு என்று யார் சொன்னது என்று கேட்டார். நான் போலீஸ்காரரைக் காட்டினேன். டாக்டர் முகம் சிவந்துபோயிற்று. அந்த மனுஷன் இத்தனை நாளும் என்ன நினைத்திருந்தார் தெரியுமா? எவனோ பின்னாலிருந்து என் கழுத்தை நெரித்திருக்கிறான், அவன் திரும்ப வந்துவிடாமல் எனக்குக் காவல் போட்டிருக்கிறார்கள் என்று! தாம் எழுதியது பதிவேட்டுக்குப் போகவில்லையா என்று கேட்டார். நான் அட்டையின் முதல் வரியை மட்டும் விரலால் தொட்டுக் காட்டினேன்.

யார் இழுத்தது என்று கேட்டார். 'ரிக்ஷாச் சக்கரம், இடது பக்கம்' என்று எழுதினேன். என் தாடையைத் தூக்கிப் பிடித்து, விரலைக் கோட்டின் மேலேயே ஓட்டிக்கொண்டு பின்கழுத்துவரை போனார். இடது பக்கம் தோளை ஒட்டிக் கீழே இறங்கிய இடத்தில் விரல் நின்றது. சரிதான் என்பது போல் தலையாட்டினார். அங்கேயே நின்று ஒரு சீட்டு எழுதிக் கையெழுத்துப் போட்டு ஞானமுத்துவுக்கு அனுப்பினார். மத்தியானத்துக்குள் சி போய் ஏ வந்தது. போலீஸ்காரர் முக்காலியைக் கையில் எடுத்துக்கொண்டு, கட்டிலருகே வந்து எனக்கு ஒரு சலாம் வைத்துவிட்டுப் போனார்.

பாக்கியத்துக்கு ஞானமுத்துதான் விளக்கிச் சொன்னான். அவள் கேட்டுக்கொண்டே நின்றாள். பிறகு என் பக்கம் திரும்பிச் சண்டை பிடித்தாள். "அப்ப எதுக்கு ஊரு கேக்க நாண்டுக்கிட்டுச் சாகலாம்னு கத்துனீங்க? ஆறு நாளா எனக்கு உசுரே இல்ல!" வார்டு முழுக்கத் திரும்பிப் பார்த்தது. செட்டியார் மறுபடி "முருகா" என்றார். மறுநாள் கால்சட்டைக்கு நாடா கோத்துக் கொண்டுவந்தாள்.

இதோடு நான் பேனாவை வைத்துவிடலாம். வைத்துவிடத்தான் நினைத்தேன்.

வேலைக்குத் திரும்பிய அன்று பதிவேட்டைத் திறந்தேன். உள்ளட்டையில் என் விதி, என் கையெழுத்தில், பளிச்சென்று. அதைக் கிழிக்கக் கையை வைத்தபோதுதான் அதை எழுதிய நாள் நினைவுக்கு வந்தது. இரண்டு வருஷத்துக்கு முன்னால் கடலுக்கு அக்கரையிலுள்ள தோட்டம் ஒன்றிலிருந்து அஞ்சலை என்று ஒரு பெண்ணைக் கொண்டுவந்தார்கள். கழுத்து கன்றி, குரல் போய், என்னைப் போலவே. புருஷன், அவளே தூக்கு மாட்டிக்கொண்டாள் என்றான். கங்காணி மாட்டுக் கயிறு சுற்றிக்கொண்டது என்றார். கதை ஒத்துப்போகவில்லை. எனக்கு எரிச்சல். சி போட்டுவிட்டு, இனிமேல் இந்தத் தலைவலி வேண்டாம் என்று அந்த விதியை எழுதினேன்.

பழைய அட்டைகள் கட்டுக் கட்டாகப் பின்னறையில் இருக்கும். தூசியில் தும்மிக்கொண்டே தேடினேன். தும்மினால் தொண்டை கிழிகிற மாதிரி வலித்தது. அட்டை கிடைத்தது. முதல் வரிக்குக் கீழே, அதே டாக்டரின் கிறுக்கல்: 'கோடு கழுத்தைச் சுற்றிச் சமமாக ஓடுகிறது. மேலே ஏறவில்லை.' பதிவேட்டில் அவள் பெயருக்கு நேரே என் கையால் எழுதிய சி. தகவல் தந்தவர்: கணவன்.

எனக்கு வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை படகேறி அக்கரைக்குப் போனேன். தோட்டத்து மருந்துக்கடையில் காயத்துக்குக் கட்டுப் போடுகிற டிரெஸ்ஸர் எனக்குப் பழக்கம். கூலிகள் குடியிருக்கும் லயத்துக்குப் போகாமல், பழைய தொண்டைக் காயத்தைப் பார்க்க வேண்டும் என்று சொல்லி அவளை மட்டும் மருந்துக்கடைக்கு வரவழைத்தார். அவள் வாசற்படியைத் தாண்டி உள்ளே வரவில்லை. முந்தானையை இழுத்துக் கழுத்தை மூடிக்கொண்டு நின்றாள். நான் யாரென்று பார்த்தவுடனே தெரிந்துகொண்டாள்.

"அம்மா, ரெண்டு வருஷத்துக்கு முன்னால உன் கழுத்துல காயம் பட்டதே, அது யாரு செஞ்சது?" என்று கேட்டேன்.

"இப்ப எதுக்குக் கேக்கறீங்க? மறுபடி கோர்ட்டுக்கா?"

"இல்ல. நான் தப்பா எழுதிட்டேன். அதத் தெரிஞ்சுக்கத்தான் வந்தேன்."

"உங்க கொரலு என்னங்கய்யா இப்படி இருக்கு?"

சொன்னேன். ரிக்ஷாவையும் துண்டையும் போலீஸ்காரரையும் எல்லாம் சொன்னேன். அவள் கவனமாகக் கேட்டாள். கொஞ்சம்கூட இரக்கப்பட்டதாகத் தெரியவில்லை.

"அன்னிக்கு எனக்குப் பேச்சு வரல" என்றாள். "நீங்க பேனாவோட வந்து நின்னீங்க. நான் கையைத் தூக்கி அவனைக் காட்டுனேன். நீங்க பாத்தீங்க. பாத்துட்டு, அவனையே கிட்டக் கூப்பிட்டு, என்னடா நடந்துச்சுன்னு கேட்டீங்க."

எனக்கு அது நினைவிருந்தது. அவள் சொன்னதும் அப்படியே கண்முன் வந்தது. கட்டிலிலிருந்து தூக்கிய கை, ஒரு விரல். தன்னால் பேச முடியவில்லை, புருஷனைக் கேளுங்கள் என்று காட்டுகிறாள் என்றல்லவா நான் எடுத்துக்கொண்டேன்? எத்தனையோ பெண்கள் அப்படிக் காட்டியிருக்கிறார்கள். புருஷன் நிற்கும்போது பெண்டாட்டியை நாங்கள் கேட்பதில்லை. அவர்களும் அவனைத்தான் கைகாட்டுவார்கள். அது எங்கள் வழக்கம்.

"கோர்ட்டுல அபராதம் போட்டாங்க. அவன் கட்டல. என்னையப் பத்து நாள் உள்ள வச்சாங்க" என்றாள் அஞ்சலை. "அந்தப் பத்து நாளும் நல்லாத் தூங்குனேன்."

டிரெஸ்ஸர் மருந்துப் புட்டிகளை எடுத்து எடுத்துத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அந்த எழுத்தை மாத்தி எழுதட்டுமா?" என்று கேட்டேன். "பழைய ஏடு. யாரும் பாக்க மாட்டாங்க. உனக்கு ஒண்ணும் வராது."

"உங்க ஏடு, நீங்க மாத்துங்க" என்றாள். படியிறங்கினாள். இரண்டடி போய்த் திரும்பி நின்றாள். "அடுத்த தடவ நான் வந்தா, அவனைக் கேக்காதீங்க. என்னையக் கேளுங்க."

அடுத்த தடவை என்று அவள் சொன்னது, வரலாம் போகலாம் என்கிற மாதிரி அல்ல. மழைக்காலம் வரும் என்று சொல்கிற மாதிரி சொன்னாள். அவளை அங்கிருந்து வேறு எங்காவது அனுப்ப முடியுமா என்று டிரெஸ்ஸரைக் கேட்டேன். பார்க்கிறேன் என்றார். இன்னும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார். நான் ஒவ்வொரு மாசமும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

திங்கட்கிழமை சிவப்பு மையை எடுத்தேன். சி மேல் கோடு போட்டு பி எழுதினேன். ஞானமுத்து தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தான்.

"தகவல் தந்தவர்னு யாரைப் போடுவீங்க அண்ணே? சாட்சி வேணுமே?"

'கணவன்' என்பதை அடித்துவிட்டு 'நோயாளி' என்று எழுதினேன். பதினெட்டு வருஷத்தில் அந்தக் கட்டத்தில் நான் எழுதிய முதல் 'நோயாளி' அது. பக்கத்தில் என் பெயரின் முதலெழுத்தைப் போட்டேன். உள்ளட்டையில் இருந்த விதியைக் கிழித்தேன். பசை நன்றாகப் பிடித்திருந்ததால் முழுக்க வரவில்லை; பாதி வரி இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இப்போது கழுத்துக் காயம் என்று சீட்டு வந்தால் நான் எழுந்து வார்டுக்குப் போகிறேன். கூட வந்தவர்களை வெளியே அனுப்பிவிட்டு, சிலேட்டைக் கொடுத்து, எழுதத் தெரியாதவர்களிடம் கையால் காட்டச் சொல்லி, அந்தக் கை எதைக் காட்டுகிறது என்று இரண்டு முறை கேட்கிறேன். ஞானமுத்துவுக்கு இதனால் வேலை தேங்குகிறது என்று குறை. இருக்கட்டும். அக்கரையிலிருந்து வந்த சீட்டு என்றால் காயம் என்ன, எண் என்ன என்று பார்ப்பதற்கு முன்னால் பெயரைப் பார்க்கிறேன். இதுவரை அவள் பெயர் வரவில்லை.